குணசுந்தரி, 1927: நன்றாக ஓடியதால் தேய்ந்த படம்

பம்பாய் தாதரில் இருந்த கோகினூர் ஃபிலிம் கம்பெனி 1927இல் ‘குணசுந்தரி’ என்றொரு மௌனப் படம் எடுத்தது. இயக்கியவர் சந்துலால் ஷா. நடித்தவர்களில் முக்கியமானவர்கள் மிஸ் கோஹரும், புதுக்கோட்டையிலிருந்து பம்பாய் போன ராஜா சாண்டோவும். கணவர்கள் ஏன் வழி தவறுகிறார்கள் என்ற பொருளில் ஆங்கிலத்திலும் ஒரு தலைப்பு உண்டு. புராணக் கதைகளை நம்பி வாழ்ந்த தொழிலில், ஒரு வீட்டுக்குள் நடக்கும் புருஷன் பெண்டாட்டி பிணக்கை வைத்தே கொட்டகையை நிரப்பலாம் என்று காட்டிய படங்களில் இது ஒன்று. ஏழு வருஷம் கழித்து, 1934இல், ஷாவே அதே பெயரில் கோஹரை வைத்துப் பேசும்படமும் எடுத்தார். அவ்வளவு பேர் வாங்கிய மௌனப் படம் இன்று தொலைந்த படங்களின் கணக்கில் கிடக்கிறது.

தீ விபத்தாலோ யாரோ ஒருவரின் அலட்சியத்தாலோ தொலைந்தது என்று சொல்லி இதை முடித்துவிட முடியாது. அந்தக் காலத்துப் படத் தொழில் நடந்த விதத்தில், நன்றாக ஓடிய படத்துக்குத்தான் அழிவு உறுதி. ஓடாத படத்துக்கும் வழக்கில் மாட்டிய படத்துக்கும் ஊரை விட்டுப் போன பிரின்டுக்கும்தான் (கொட்டகையில் ஓட்டும் பிரதிக்கும்தான்) பிழைக்க வாய்ப்பு இருந்தது.

கதையும் அது கேட்ட கேள்வியும்

கதைச் சுருக்கம் பரவலாகத் தெரியவந்தது எரிக் பார்னோவும் எஸ். கிருஷ்ணசாமியும் சேர்ந்து 1963இல் வெளியிட்ட இந்தியத் திரைப்பட வரலாற்றின் வழியாக. கிருஷ்ணசாமி, இயக்குநர் கே. சுப்பிரமணியத்தின் மகன். குணசுந்தரி கடமை தவறாத மனைவி. விடிவதற்கு முன்பே எழுந்து இரவு வரை வீட்டு வேலை பார்ப்பவள். சாயங்காலம் கணவன் அலுவலகத் தொல்லைகளைத் தலையில் சுமந்து வீடு திரும்புகிறான். அதைச் சொல்லி ஆறுதல் தேட நினைக்கும்போது அவள் வீட்டுத் தொல்லைகளைச் சொல்ல ஆரம்பிக்கிறாள். அவன் ஒரு நடனக்காரியின் வீட்டுக்குப் போகத் தொடங்குகிறான். கடமையைச் செய்தால் மட்டும் போதாது, கணவனுக்குத் துணையாகவும் தோழியாகவும் இருக்கவேண்டும் என்று அவள் உணர்வதில் கதை திரும்புகிறது.

இதை இன்று வாசிக்கும் எவருக்கும் ஒரு கோபம் வரும், வரவேண்டும். தவறு செய்தவன் கணவன், திருந்தவேண்டியவளோ மனைவி. விடியலுக்கு முன் தொடங்கும் வேலையில் ஒன்றும் குறையவில்லை, அதன் மேல் தோழமை என்ற இன்னொரு வேலையும் ஏறுகிறது. ஆனாலும் 1927இல் வைத்துப் பார்த்தால் இந்தச் சுருக்கத்தில் இன்னொன்றும் தெரிகிறது. மனைவியின் அலுப்பைத் திரையில் காட்டத் தகுந்த விஷயமாக இந்தக் கதை எடுத்துக்கொண்டது. சாபமும் வரமும் தெய்வமும் வந்து முடிச்சை அவிழ்க்காமல், இரண்டு பேர் ஒருவர் சொல்வதை மற்றவர் கேட்காததையே முடிச்சாக வைத்தது. புராணப் படம் பார்த்துப் பழகிய சபைக்கு அது புதிது.

பெயரும் சும்மா வைத்ததாகத் தெரியவில்லை. கோவர்தன்ராம் திரிபாடியின் ‘சரஸ்வதிசந்திரா’ என்ற குஜராத்தி நாவலின் இரண்டாம் பாகம் குணசுந்தரி என்ற பெண்ணின் கூட்டுக்குடும்பப் பாடுகளைச் சொல்வது. 1890களில் வந்த அந்தப் பாகத்தைப் படித்த குஜராத்தி வீடுகளில், எல்லாரையும் அனுசரித்துப் போகும் மருமகளுக்கு அந்தப் பெயரே அடையாளம். கோகினூரின் முதலாளி துவாரகாதாஸ் சம்பத், இயக்குநர் ஷா இருவரும் குஜராத்திகள். பார்வையாளர்களில் பெரும்பங்கும் அப்படியே. விளம்பரத்தில் பெயரைப் பார்த்த மாத்திரத்தில் எந்த மாதிரிப் பெண்ணைப் பற்றிய படம் என்பது அவர்களுக்குப் புரிந்திருக்கும். அதற்காகப் படத்தை அந்த நாவலின் தழுவல் என்று எழுதிவிடக் கூடாது. நாவலின் குணசுந்தரிக்குச் சிக்கல் மாமியார் வீட்டுக் கூட்டத்தால் வருகிறது. படத்தின் குணசுந்தரிக்குக் கணவனோடு.

பேசாமல் பேச்சைக் காட்டுவது

இருவர் தங்கள் தங்கள் தொல்லையைச் சொல்லிக்கொண்டே போவது மேடை நாடகத்துக்கு எளிது, மௌனப் படத்துக்குக் கடினம். வசனத்தை எழுத்தில் காட்டும் டைட்டில் கார்டை நம்பினால் ஃபிலிமின் நீளத்தை அது தின்றுவிடும். 35 மில்லிமீட்டர் படச்சுருளில் ஓர் அடிக்கு 16 பிரேம். கையால் சுற்றும் கேமராவில் கைப்பிடியை ஒரு தடவை சுற்றினால் 8 பிரேம் நகரும். நொடிக்கு இரண்டு சுற்று, ஆக 16 பிரேம். அதே வேகத்தில் ஓட்டினால் ஓர் அடி ஃபிலிம் சரியாக ஒரு நொடி.

பம்பாய்ப் படங்களின் கார்டில் ஒரே வசனம் குஜராத்தி, இந்தி, உருது, ஆங்கிலம் என்று பல எழுத்துகளில் அடுக்கப்பட்டிருக்கும். படிக்கத் தெரியாதவர்களுக்காகக் கொட்டகையில் ஒருவர் உரக்க வாசிப்பார். சென்னை மாகாணக் கொட்டகைகளில் கார்டை வாசிப்பதோடு நிற்காமல் கதையையும் சேர்த்துச் சொல்வார். ஆகவே கார்டு நீண்ட நேரம் நிற்கவேண்டும். ஒன்றுக்குப் பத்து நொடி, படம் முழுக்க 150 கார்டு என்று வைத்துக்கொண்டால் 1500 அடி, அதாவது ஒன்றரை ரீல் எழுத்துக்கே போய்விடும். குடும்பப் படம் எடுப்பவர் இதனால் முகத்தையும் கையையும் அதிகம் நம்பவேண்டியிருந்தது. கோஹர் போன்ற நடிகைக்கு அங்கேதான் மதிப்பு. லாகூரில் பிறந்து 1926இல் கோகினூர் வழியாகப் படத்துக்கு வந்த அவர், அடுத்த வருஷமே ஒரு படத்தைத் தாங்கும் நாயகியாகியிருந்தார்.

ஷாவும் வழக்கமான வழியில் வந்தவர் இல்லை. ஜாம்நகரில் 1898இல் பிறந்து, பம்பாயில் சைடன்ஹாம் கல்லூரியில் படித்து, பங்குச் சந்தையில் வேலை பார்த்தவர். 1925இல் லட்சுமி ஃபிலிம் கம்பெனியில் இயக்கத் தொடங்கினார். 1926இல் கோகினூருக்காக ‘டைபிஸ்ட் கேர்ள்’ படத்தைப் பதினேழே நாளில் முடித்துக் கொடுத்தார். சுலோச்சனா, கோஹர், ராஜா சாண்டோ மூவரும் அதில் இருந்தார்கள். வேலைக்குப் போகும் பெண்ணைப் பற்றிய படத்துக்கு அடுத்து வீட்டிலேயே இருக்கும் பெண்ணைப் பற்றிய படம். இரண்டையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் அவர் எந்தப் பார்வையாளரைக் குறிவைத்தார் என்பது தெளிவாகும். 1929இல் அவரும் கோஹரும் சேர்ந்து ரஞ்சித் ஃபிலிம் கம்பெனியைத் தொடங்கியபோது எடுத்த படங்களில் ஒன்றின் பெயரே ‘பதி பத்னி’.

தேய்ந்த விதம்

மௌனப் படத்தின் பிழைப்பு அதன் பிரின்டில் இருந்தது. நெகடிவிலிருந்து சில பிரின்டு மட்டுமே எடுப்பார்கள்; ஃபிலிம் கச்சாப்பொருள் முழுக்க வெளிநாட்டிலிருந்து வந்ததால் ஒவ்வோர் அடியும் காசு. பம்பாய் ஓட்டம் முடிந்ததும் அதே பிரின்டு அடுத்த நகரத்துக்கும், பிறகு சின்ன ஊருக்கும், அப்புறம் கூடாரத்துக்கும் போகும். வெற்றிப் படம் என்றால் இந்தப் பயணம் வருஷக்கணக்கில் நீளும்.

ஒவ்வோர் ஓட்டத்திலும் புரொஜக்டரின் பற்சக்கரம் ஃபிலிமின் ஓரத் துளைகளை இழுக்கிறது. துளையின் மூலையில் விரிசல் விடும், அடுத்து இரண்டு மூன்று துளைகள் சேர்ந்து கிழியும். விளக்கின் முன் ஃபிலிம் கடந்துபோகும் வாசலில் அது சிக்கி நின்றால் ஆர்க் விளக்கின் சூட்டில் அந்த பிரேம் கருகும். ஆபரேட்டர் கருகியதை வெட்டி எறிந்துவிட்டு முனைகளைச் சுரண்டி, ஃபிலிம் சிமென்ட் எனப்படும் பசையைத் தடவி ஒட்டுவார். ஒரு ஒட்டுக்குக் குறைந்தது ஒன்றிரண்டு பிரேமாவது போகும். ரீலின் தொடக்கமும் முடிவும் அதிகம் அடிபடும், ஏனென்றால் மாட்டுவதும் கழற்றுவதும் அங்கேதான். படப் பெயர், கம்பெனிப் பெயர், நடிகர் பட்டியல் எல்லாம் முதல் ரீலின் தொடக்கத்தில் இருந்தன. மிஞ்சும் துண்டுகளில் பெரும்பாலானவை பெயரில்லாமல் கிடைப்பதன் காரணம் இதுதான்.

1931 மார்ச் 14 அன்று ‘ஆலம் ஆரா’ பம்பாய் மெஜஸ்டிக்கில் வந்தது. அக்டோபர் 31இல் ‘காளிதாஸ்’ சென்னையில். மூன்று நான்கு வருஷத்துக்குள் மௌனப் படத்துக்கு வாடகை கேட்க ஆளில்லை. அப்போது பிரின்டின் விலை அதிலுள்ள வெள்ளியின் விலைதான். கறுப்பு வெள்ளைப் படத்தின் உருவமே வெள்ளித் துகள்களால் ஆனது. எடைக்கு வாங்கியவர்கள் மேற்பூச்சைக் கழுவி வெள்ளியைப் பிரித்தார்கள். அடியிலிருந்த செல்லுலாய்டு வேறு பொருள்கள் செய்யப் போனது. ‘ஆலம் ஆரா’வுக்கே அந்தக் கதிதான். படத்தைத் தேடிப் போன தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தின் பி.கே. நாயரிடம், வெள்ளிக்காகச் சுருள்களை விற்றுவிட்டதாகத் தயாரிப்பாளர் அர்தேஷிர் இரானியின் குடும்பத்திலேயே சொன்னார்கள்.

விற்கப்படாமல் மூலையில் கிடந்ததைப் பம்பாய்ப் பருவநிலை பார்த்துக்கொண்டது. அன்றைய ஃபிலிம் நைட்ரேட் அடித்தளம் கொண்டது. அது தானாகவே சிதையும்; வெளிவரும் நைட்ரஜன் ஆக்சைடு ஈரத்தோடு சேர்ந்து அமிலமாகி மேலும் சிதைக்கும். முதலில் உருவம் மங்கி ஃபிலிம் தேன் நிறமாகும். பிறகு பூச்சு பிசுபிசுத்துச் சுற்றுகள் ஒன்றோடொன்று ஒட்டும். அடுத்து குமிழும் காரமான நெடியும். கடைசியில் மொத்தச் சுருளும் ஒரே கட்டியாகி, பழுப்புத் தூளாக உதிரும். முதல் இரண்டு கட்டத்தில் பிரதி எடுக்கலாம், மூன்றாவதில் சில பகுதிகளை மீட்கலாம், அதற்கு மேல் ஒன்றும் ஆகாது. மூடிய டப்பாவும் மழைக்கால ஈரமும் சேர்ந்தால் இது வேகம் பிடிக்கும்.

இன்னொரு காரணம் வாரிசு இல்லாமை. படத்தை எடுத்தது கோகினூர்; பேசும்படக் காலத்தில் அந்தக் கம்பெனி நிலைக்கவில்லை. இயக்குநரும் நாயகியும் ரஞ்சித்துக்குப் போய்விட்டார்கள். ரஞ்சித்துக்கோ 1934இல் சொந்தமாக ஒரு பேசும் ‘குணசுந்தரி’ கிடைத்துவிட்டது. பழைய மௌனப் பிரதியைக் காப்பாற்ற எவருக்கும் வியாபாரக் காரணம் இருக்கவில்லை. புணேயில் தேசிய ஆவணக் காப்பகம் தொடங்கியதோ 1964 பிப்ரவரியில், படம் வந்து முப்பத்தேழு வருஷத்துக்குப் பிறகு. படம் எடுத்தவர்கள் ஒரு பிரதியைக் காப்பகத்தில் ஒப்படைக்கவேண்டும் என்ற கட்டாயமும் இருக்கவில்லை.

இரண்டு தீ விபத்துகளை இந்தப் படத்தோடு முடிச்சுப்போடும் பழக்கம் உண்டு. கோகினூரில் 1923இல் தீப்பிடித்து நெகடிவ்கள் அழிந்தது உண்மை. அப்போது இந்தப் படம் எடுக்கப்படவே இல்லை. 2003 ஜனவரி 8 அன்று புணே திரைப்படக் கல்லூரி வளாகத்தில் இருந்த நைட்ரேட் கிடங்கு எரிந்ததும் உண்மை. அதற்கு வெகுகாலம் முன்பே ‘குணசுந்தரி’ தொலைந்த படங்களின் வரிசையில் சேர்ந்துவிட்டது. காரணத்தைத் தவறாகச் சொன்னால் தேடும் இடமும் தவறாகும்.

எது பிழைத்தது, ஏன்

இந்தியாவில் 1300க்கும் மேற்பட்ட மௌனப் படங்கள் எடுக்கப்பட்டன. முழுதாகவோ பாதியாகவோ எஞ்சியவை மிகச் சில. அவை எஞ்சிய விதத்தைப் பார்த்தால் விஷயம் புரியும்.

‘மார்த்தாண்ட வர்மா’ 1933இல் வெளியானதும் அதன் மூல நாவலின் பதிப்புரிமை தொடர்பான வழக்கில் சிக்கியது. படம் நிறுத்தப்பட்டது, பிரின்டு நாவலைப் பதிப்பித்த திருவனந்தபுரம் கமலாலயா புத்தக நிலையத்தின் கைக்குப் போய் அங்கேயே கிடந்தது. 1974இல் ஆவணக் காப்பகம் அதை மீட்டது. தென்னிந்திய மௌனப் படங்களில் இப்படிக் கைக்கு வந்தது அது ஒன்றுதான். நல்லபடியாக ஊர் ஊராக ஓடியிருந்தால் அதுவும் மிஞ்சியிருக்காது. கல்கத்தாவில் 1919இல் வந்த ‘பில்வமங்கள்’ படத்தின் 594 மீட்டர் பாரிஸில் உள்ள சினிமாதெக் என்ற திரைப்படக் காப்பகத்தில் இருந்து 2016இல் திரும்ப வந்தது. மொத்தம் 12,000 அடி ஓடிய படத்தில் அது ஆறில் ஒரு பங்குக்கும் குறைவு, சுமார் 28 நிமிஷம். ஜெர்மானியக் கூட்டுத் தயாரிப்பில் ஹிமான்ஷு ராய் எடுத்த படங்கள் ஐரோப்பாவுக்குப் போனதால் அங்கே பிழைத்தன.

இல்லற வாழ்க்கையைப் பற்றிய இன்னொரு தொலைந்த படம் கிடைத்த விதத்தையும் இங்கே சொல்லவேண்டும். குளோரியா ஸ்வான்சனும் வாலன்டினோவும் நடித்த 1922ஆம் வருஷத்து அமெரிக்கப் படம் ‘பியாண்ட் தி ராக்ஸ்’. வசதிக்காக வயதானவரை மணந்த பெண் வேறொருவரை நேசிப்பதே கதை. எண்பது வருஷமாக இல்லை என்றிருந்த படம், நெதர்லாந்தில் காலமான ஒரு சேகரிப்பாளரின் டப்பாக் குவியலில் இருந்தது. அதுவும் ஒரே இடத்தில் இல்லை. பெயரில்லாத வெவ்வேறு டப்பாக்களிலிருந்து ரீல் ரீலாகக் கிடைத்ததை ஆம்ஸ்டர்டாம் திரைப்பட அருங்காட்சியகத்தார் பொறுமையாகச் சேர்த்து, 2005இல் திரையிட்டார்கள். படம் தன் பயணத்தின் கடைசி ஊரில் தங்கிவிட்டதுதான் அதைக் காப்பாற்றியது. தொலைவில் ஓடி முடித்த பிரின்டைத் திருப்பி அனுப்பும் செலவு அதன் மதிப்பைவிட அதிகம்.

பம்பாய்ப் படங்களுக்கும் அப்படிப்பட்ட கடைசி ஊர்கள் உண்டு. ரங்கூன், கொழும்பு, சிங்கப்பூர், மலாயா, கிழக்கு ஆப்பிரிக்கத் துறைமுகங்கள் என்று இந்தியர் வாழ்ந்த இடமெல்லாம் இந்தியப் படங்கள் போயின. ‘குணசுந்தரி’யைத் தேடுவதானால் பம்பாய்க் கிடங்குகளைவிட அந்தத் திசையில் தேடுவதுதான் அறிவு. கிழக்கு ஆப்பிரிக்கக் குஜராத்தி வணிகக் குடும்பங்களின் பழைய சாமான்களை இன்னும் யாரும் இந்தக் கண்ணோடு போதுமான அளவு பார்க்கவில்லை என்பது எங்கள் கருத்து.

காகிதத் தடயமும் உண்டு. பம்பாய்த் தணிக்கைக் குழு 1920இல் அமைந்தது. தணிக்கைப் பதிவில் படப்பெயர், விண்ணப்பித்தவர், ரீல் எண்ணிக்கை, அடிக்கணக்கு ஆகியவை இருக்கும். அடிக்கணக்கு மிக முக்கியம். உதாரணமாக 9000 அடிப் படம் நொடிக்கு 16 பிரேமில் 150 நிமிஷம், 18இல் 133, 20இல் 120, 24இல் 100 நிமிஷம். நிமிஷத்தை மட்டும் எழுதி வேகத்தைச் சொல்லாத குறிப்பு பயனற்றது. படம் வந்த அதே 1927இல்தான் சென்னை வழக்கறிஞர் டி. ரங்காச்சாரியார் தலைமையில் இந்தியத் திரைப்பட விசாரணைக் குழுவை அரசு அமைத்தது. அக்குழு 353 பேரை நேரில் விசாரித்தது. அச்சான அந்தச் சாட்சியத் தொகுதிகள், அன்றைய படத்துக்கு என்ன செலவாகும், பிரின்டு எங்கெங்கே போகும், எந்த ஊரில் எந்த வகைப் படம் எடுபடும் என்பதற்கெல்லாம் இன்றுவரை முதன்மையான ஆதாரம்.

சாண்டோ கொண்டுவந்தது

தமிழ் வாசகருக்கு இந்தப் படம் பொருட்படத் தனிக் காரணம் ராஜா சாண்டோ. பி.கே. நாகலிங்கம் என்ற உடற்பயிற்சிக்காரர், உலகப் பயில்வான் சாண்டோவின் பெயரைச் சூட்டிக்கொண்டு பம்பாய்க்குப் போனார். தொடக்கத்தில் பலம் காட்டும் வேடங்கள். கோகினூரிலும் ஷாவிடமும் வேலை செய்த காலத்தில் அவர் கோட்டும் சூட்டும் போட்ட சமூகக் கதை நாயகனாக மாறினார். 1920களின் முடிவில் சென்னைக்கு வந்து ஆர். பத்மநாபனின் அசோசியேட்டட் ஃபிலிம்ஸில் ‘பேயும் பெண்ணும்’, ‘அனாதைப் பெண்’ போன்ற மௌனப் படங்களை இயக்கினார். 1935இல் டி.கே.எஸ். சகோதரர்களை வைத்து ‘மேனகா’. தமிழ்ப் பேசும்படம் புராணத்தை விட்டு நகரத்து வீட்டுக்குள் நுழைந்ததில் அந்தப் படத்துக்குப் பெரிய பங்கு. அந்தத் துணிச்சலைத் தாதர் ஸ்டுடியோவில் ஷாவின் பக்கத்தில் நின்று கற்றார் என்று சொல்வது மிகையாகாது.

1939இல் அவர் எம்.கே. தியாகராஜ பாகவதரை வைத்து இயக்கிய ‘திருநீலகண்டர்’ இன்னும் சுவையான ஒப்பீடு. பெரியபுராணத்துக் குயவர் பரத்தை வீட்டுக்குப் போய்வருகிறார். மனைவி திருநீலகண்டத்தின் மேல் ஆணையிட்டுத் தன்னைத் தீண்டக்கூடாது என்கிறாள். ஒரே கூரையின் கீழ், தொடாமலே, இருவரும் முதுமை வரை வாழ்கிறார்கள். வழிதவறிய கணவன் என்ற அதே சிக்கல். ஆனால் இங்கே மாறவேண்டியவன் கணவன், மனைவி தன் நிலையை விட்டு ஓர் அங்குலமும் நகர்வதில்லை. பன்னிரண்டு வருஷ இடைவெளியில் ஒருவரே இந்த இரண்டு கதையிலும் கைவைத்திருக்கிறார். ‘குணசுந்தரி’ கையில் இருந்திருந்தால் இவ்விரண்டையும் காட்சிக்குக் காட்சி வைத்துப் பார்த்திருக்கலாம். தமிழ்த் திரையில் இல்லற நாடகம் வளர்ந்த வரலாற்றில் ஒரு முழு அத்தியாயம் அது.

துண்டு கிடைத்தால் அடையாளம் காண்பது

முதலில் பெயர்க் குழப்பம். 1927 மௌனப் படம், 1934 ரஞ்சித் பேசும்படம், 1948இல் நிருபா ராய் நடித்த குஜராத்திப் படம், 1972இல் நாவலையொட்டி வந்த குஜராத்திப் படம் என்று ஒரே பெயரைச் சுற்றி நான்கு. 1949 தெலுங்கு ‘குணசுந்தரி கதா’வும் 1955 தமிழ் ‘குணசுந்தரி’யும் இவற்றோடு சம்பந்தமே இல்லாத ராஜா ராணிக் கதை. டப்பாவின் மேல் ஒட்டிய சீட்டை நம்பவே கூடாது. டப்பாக்கள் மாறிமாறிப் பயன்பட்டவை.

ஃபிலிமைப் பார்த்தால் 1927ஐயும் 1934ஐயும் பிரிப்பது எளிது. மௌனப் படத்தில் உருவம் இருபுறத் துளைகளுக்கும் இடையிலான முழு அகலத்தையும் நிரப்பும். பேசும்படத்தில் ஒரு பக்கம் ஒலிக்கோடு ஓடும், உருவம் அந்த அளவுக்குக் குறுகியிருக்கும். அடுத்து ஓர எழுத்து. கோடக் ஃபிலிமின் ஓரத்தில் வட்டம், சதுரம், முக்கோணமாகச் சிறு குறிகள் இருக்கும்; ஃபிலிம் தயாரான வருஷத்தைச் சொல்பவை அவை. குறிகள் இருபது வருஷத்துக்கு ஒருமுறை திரும்ப வருவதால் 1927க்கும் 1947க்கும் ஒரே குறி. குறி சொல்வது ஃபிலிம் தயாரான வருஷத்தை மட்டுமே; படம் அதற்கு முன் எடுக்கப்பட்டு, பின்னால் போட்ட பிரின்டாகவும் இருக்கலாம். நெகடிவின் ஓரக்குறி பிரின்டில் பதிந்திருந்தால் கறுப்பின் மேல் வெள்ளையாகத் தெரியும். பிரின்டு ஃபிலிமின் சொந்தக் குறி கறுப்பு. இரண்டையும் தனித்தனியாகக் குறித்துக்கொள்ளவேண்டும்.

முகத்தை வைத்து முடிவு கட்டுவது பெரிய தவறு. கோஹரும் சாண்டோவும் சேர்ந்து நடித்த படம் இது ஒன்று மட்டும் இல்லை. உறுதி தருவது டைட்டில் கார்டுதான்: பாத்திரப் பெயர், கம்பெனி முத்திரை, மொழிகள் அடுக்கிய வரிசை. கார்டு இல்லாத துண்டென்றால் அன்றைய விளம்பரப் படங்களோடு உடையையும் அறைச் சாமான்களையும் ஒப்பிடலாம். ஸ்டுடியோச் சாமான்கள் படத்துக்குப் படம் சுற்றிவந்தவை. ஆகவே நாற்காலி மேசையை வைத்துக் கம்பெனியை ஊகிக்கலாம், படத்தை உறுதிசெய்ய முடியாது.

கையாளும் விஷயத்தில் துளியும் துணிச்சல் காட்டக்கூடாது. நைட்ரேட் எரியும்போது தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே வெளியிடும். தண்ணீருக்குள்ளும் எரியும், புகை நஞ்சு. சிதைவு முற்றிய சுருள் 40 டிகிரி செல்சியஸை ஒட்டிய வெப்பம் நீடித்தாலே தானாகத் தீப்பற்றக்கூடும். நம் ஊர்க் கோடையில் ஓட்டு வீட்டுப் பரணே போதும். நைட்ரேட்தானா என்று ஒரு துண்டைக் கொளுத்திப் பார்க்கும் பழைய வழக்கத்தை அறவே விடவேண்டும். காற்றுப்புகாத பெட்டியில் அடைத்தால் வாயு உள்ளேயே தங்கிச் சிதைவு வேகமாகும். தபாலிலோ பஸ் பார்சலிலோ போடக் கூடாது. டப்பாவைக் குளிர்ந்த, காற்றோட்டமான, ஆள் புழங்காத அறையில் தனியாக வைத்து, திறக்காமலே டப்பாவை நாலா பக்கமும் படம் எடுத்து, புணே ஆவணக் காப்பகத்துக்கு எழுதுவதே சரி.

புரொஜக்டரில் மாட்டிப் பார்க்கும் ஆசைதான் கண்டெடுத்த படங்களை அதிகம் கொன்றிருக்கிறது. பழைய ஃபிலிம் சுருங்கியிருக்கும். 64 துளைக்கு ஓர் அடி, அதாவது 304.8 மில்லிமீட்டர் இருக்கவேண்டும். அளந்தால் 301.8க்குக் கீழே வந்தால் ஒரு சதவீதத்துக்கு மேல் சுருங்கிவிட்டது என்று பொருள். பற்சக்கரம் துளையில் சரியாக உட்காராது, முதல் ஓட்டத்திலேயே ஓரம் முழுக்கக் கிழியும். அப்படிப்பட்ட சுருளைப் பற்சக்கரம் இல்லாத ஸ்கேனரில் மட்டுமே ஓட்டவேண்டும். ஸ்கேன் எடுத்த பிறகும் மூலச் சுருளைத் தூக்கி எறியக்கூடாது. இன்று தெளியாத ஓர எழுத்து பின்னாளில் வேறு ஒளியில் தெளியலாம், அடையாளம் அதில்தான் இருக்கும்.